அடுக்களைப் பக்கம்: சர்க்கரைப் பாகில் பச்சை மிளகாய்

டெக்சாஸில் கோடையின் கொடுமை தணிந்து ஐப்பசி பிறக்கும் சமயத்தில், வீட்டுக் கொல்லையில் மிளகாய்ச் செடி வைத்திருக்கும் நம்மவர் இல்லங்களிலெல்லாம் ஒரே பேச்சாக இருக்கும். ஆடி, ஆவணி வெயிலில் பூவை உதிர்த்துவிட்டுச் சும்மா நின்ற செடிகள், இரவில் சற்றே குளிர்ச்சி தட்டியதும் மறுபடி பூத்துக் காய்க்கத் தொடங்குகின்றன. முதல் உறைபனி விழும்வரை அவற்றுக்கு ஓய்வில்லை. நாலு செடி வைத்த வீட்டில் பறிக்கப் பறிக்கக் கூடை நிரம்புகிறது. சாம்பாரில் போட்டு, சட்னி அரைத்து, மோர் மிளகாய் போட்டு, கோயிலுக்கு வரும்போது பையில் கொண்டுவந்து கண்ணில் பட்டவர் கையிலெல்லாம் திணித்த பிறகும் மிச்சம் இருக்கும்.

பக்கத்து வீட்டு அமெரிக்க அம்மாள் இந்த மிளகாயை வைத்துக்கொண்டு திண்டாடுவதில்லை. ஹலபீனோ மிளகாயை வட்ட வட்டமாக நறுக்கி, வினிகரும் சர்க்கரையும் சேர்ந்த பாகில் போட்டுப் பக்குவம் செய்து, சிறு கண்ணாடி ஜாடிகளில் அடைத்து வைத்துக்கொள்கிறார். இதற்குக் 'கௌபாய் காண்டி' என்று பெயர். மாட்டுக்காரர் மிட்டாய் என்று வேடிக்கையாகச் சொல்லலாம். அண்மைக் காலத்தில் நம்மவர் வீடுகளிலும் இது புகுந்துவிட்டது. குழந்தைகள் பள்ளித் தோழர் வீட்டில் ருசி கண்டுவிட்டு வந்து, "நம் வீட்டில் ஏன் செய்வதில்லை?" என்று கேட்கிறார்கள். தீபாவளிப் பட்சணத் தட்டுடன் இந்த ஜாடியையும் வைத்துக் கொடுக்கும் வழக்கம்கூடச் சில இடங்களில் ஏற்பட்டிருக்கிறது. ஆகவே இம்முறை இப்பக்கத்தில் அதன் செய்முறையும், செய்முறைக்கு முன்னதாகத் தெரிந்துகொள்ள வேண்டிய ஒரு முக்கியமான விஷயமும் கூறப்படுகின்றன. செய்முறை மட்டும் போதும் என்று நினைப்பவர்கள் தாண்டிப் போய்விடக் கூடாது என்பதற்காகவே அந்த விஷயம் முன்னால் வைக்கப்பட்டிருக்கிறது.

இனிப்பும் காரமும் சேர்வது நமக்குப் புதிதல்ல. சித்திரை வருஷப் பிறப்பன்று வெல்லமும் மிளகாயும் சேர்ந்த மாங்காய்ப் பச்சடி இல்லாத வீடு ஏது? இலங்கை அன்பர்களின் சீனிச் சம்பலில் வெங்காயமும் மிளகாயும் சீனியும் ஒன்றாய் வதங்குகின்றன. புளி மிளகாயில் ஒரு கட்டி வெல்லம் போடாத கை அபூர்வம். ஆக, ருசியைப் பற்றி நம் இல்லத்தரசிகளுக்கு யாரும் பாடம் நடத்த வேண்டியதில்லை. கவலை வேறு இடத்தில் இருக்கிறது. ஊறுகாய் போட்டுப் பழகிய கை, இதையும் ஒரு ஊறுகாய் என்று எண்ணிக்கொண்டு கண்ணளவாகச் செய்யத் தொடங்குகிறது. "வினிகர் நெடி பிடிக்கவில்லை, பாதி போதும்" என்கிறார் ஒருவர். "நாலு பல் பூண்டு தட்டிப் போட்டால் நன்றாயிருக்கும்" என்கிறார் இன்னொருவர். "கெடாமலிருக்க மேலே இரண்டு விரற்கடை நல்லெண்ணெய் ஊற்றி வையுங்கள்" என்று யோசனை சொல்கிறார் மற்றொருவர். மூன்றும் நம் ஊறுகாய்க் கலையில் குற்றமில்லாத யோசனைகள். இந்த ஜாடியில் மூன்றுமே ஆபத்தானவை.

ஏன் என்பதைச் சற்று விளக்கமாகவே பார்க்க வேண்டும்.

நம் முன்னோர் போட்ட ஊறுகாய்களைக் கொஞ்சம் நினைத்துப் பார்க்கலாம். மாங்காய், எலுமிச்சை, நார்த்தை, நெல்லி எல்லாமே தமக்குத் தாமே புளிப்புடையவை. அதன் மேல் கை நிறைய உப்பு, பிறகு வெயில். புளிப்பு இல்லாத காய் எதையும் ஈரத்தோடு ஜாடியில் அடைத்து மாதக் கணக்கில் வைக்கும் வழக்கம் அவர்களிடம் இருந்ததில்லை. மிளகாயையே எடுத்துக்கொண்டால், மோர் மிளகாய் புளித்த மோரில் உப்புடன் ஊறிச் சருகாய்க் காய்ந்த பிறகே டப்பாவுக்குப் போகிறது. பச்சை மிளகாய் ஊறுகாய் என்றால் எலுமிச்சம்பழச் சாற்றிலே ஊறும்; தொக்கு என்றால் புளி சேர்ந்து சுண்டும். காரணத்தை அவர்கள் சொல்லி வைக்கவில்லையே தவிர, வழக்கத்தில் வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள். கண்ணளவு பலித்ததென்றால் அதற்குக் கையின் திறமை பாதி, காயின் புளிப்பும் உப்பும் வெயிலும் பாதி.

மிளகாய்க்குக் காரம் உண்டே தவிர, போதுமான புளிப்புக் கிடையாது. காரமான பொருள் கெடாது என்று ஒரு நம்பிக்கை இருக்கிறது, அது சரியல்ல. மண்ணில் எங்கும் இருக்கும் பாட்டுலினம் என்ற கிருமியின் வித்துக்கள், செடியில் பறித்த எந்தக் காயின் மீதும் இருக்கலாம். அவை கொதிக்கும் தண்ணீரிலும் சாகாதவை. பாரன்ஹீட் 212 டிகிரியில் தண்ணீர் கொதிக்கிறது. அந்த வித்துக்களை அழிக்க 240 டிகிரி சூடு வேண்டும். அதற்கென்று செய்யப்பட்ட அழுத்தக் கொதிகலனில்தான் அந்தச் சூடு கிடைக்கும். வீட்டில் பருப்பு வேகவைக்கும் குக்கர் அந்த வேலைக்கு ஏற்றதல்ல. இந்த வித்துக்கள் வெறுமனே இருக்கும்வரை பெரியவர்களுக்கு அநேகமாகத் தீங்கில்லை. காற்றில்லாத இடம், ஈரம், புளிப்பின்மை, சாதாரண அறைச் சூடு ஆகிய நான்கும் சேர்ந்து கிடைத்தால் அவை முளைத்து நஞ்சை உண்டாக்குகின்றன. மூடி இறுகிய ஜாடியில் புளிப்புக் குறைந்த மிளகாயைப் போட்டு அலமாரியில் வைத்தால், நான்கையும் நாமே தாம்பாளத்தில் வைத்துக் கொடுத்தது போலாகும்.

நல்லெண்ணெய் யோசனையின் கோளாறும் இங்கேதான் இருக்கிறது. மாங்காய் ஊறுகாயில் எண்ணெய் மேலே நின்று காற்றைத் தடுக்கிறது. அதனால் பூஞ்சணம் பூப்பதில்லை. உள்ளே புளிப்பும் உப்பும் காவலிருப்பதால் வேறு பயமில்லை. உள்ளே காவலே இல்லாத இடத்தில் காற்றைத் தடுப்பது இந்தக் கிருமிக்குச் செய்யும் உபகாரம். பூண்டும் புளிப்பற்ற கிழங்கு, மண்ணுக்குள் விளைவது. அதைப் பச்சையாக அள்ளிப் போட்டால் ஜாடியின் மொத்தப் புளிப்பு இறங்கிவிடும்.

பாகிலே இவ்வளவு சர்க்கரை இருக்கிறதே, அது காப்பாற்றாதா என்று கேட்கலாம். ஜாமைப் போலக் கெட்டியாகச் சர்க்கரை ஏறிய பண்டத்துக்கு அது ஓரளவு பொருந்தும். இங்கே மிளகாய் தன் நீரைப் பாகில் விட்டு அதை இளக்கிக்கொண்டே இருக்கிறது. ஆகவே சர்க்கரை ருசிக்கு, காவலுக்கு வினிகர். ருசியைக் கூட்டலாம், குறைக்கலாம். காவலைக் குறைக்கலாகாது.

இதெல்லாம் ஏட்டுப் பயம் என்று எண்ண வேண்டாம். 1977-ல் மிச்சிகன் மாநிலத்துப் பாண்டியாக் நகரில், ஓர் உணவு விடுதியில் சாப்பிட்ட 59 பேர் பாட்டுலினம் நஞ்சால் பாதிக்கப்பட்டார்கள். காரணம், முறை தவறி ஜாடியில் அடைக்கப்பட்ட இதே ஹலபீனோ மிளகாய். 2015 ஏப்ரலில் ஒஹாயோ மாநிலத்து லங்காஸ்டர் நகரில் ஒரு தேவாலயத்தார் கூடிச் சாப்பிட்ட விருந்தில் 77 பேர் கலந்துகொண்டார்கள். 29 பேர் நோயுற்று, ஒருவர் உயிரிழந்தார். அங்கே குற்றவாளி மிளகாயல்ல, வீட்டில் ஜாடியில் அடைத்து, கொதிநீரில் மட்டும் வைத்தெடுத்த உருளைக்கிழங்கு. அன்போடு செய்து, எல்லோரும் பகிர்ந்துண்ண எடுத்து வந்த பண்டம்தான் அது. வீட்டுக்கு ஒரு பாத்திரமாகக் கொண்டுவந்து கோயில் மண்டபத்தில் கூடி உண்ணும் வழக்கமுள்ள நம்மவர் இந்தச் செய்தியை மனத்தில் இருத்திக்கொள்வது நல்லது.

நஞ்சு உண்டான ஜாடி சில சமயம் உப்பியிருக்கும், நாற்றமடிக்கும். பல சமயம் ஒன்றுமே தெரியாது. நிறம், மணம், ருசி எல்லாம் சரியாகவே இருக்கும். ஆகவே "கொஞ்சம் நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன்" என்ற நம் பெரியவர்களின் பரீட்சை இங்கே உதவாது, அதுவே ஆபத்து. சாப்பிட்ட பிறகு, பெரும்பாலும் 12 முதல் 36 மணி நேரத்துக்குள், கண் இமை தொங்குதல், பார்வை இரண்டாகத் தெரிதல், நாக்குக் குழறல், விழுங்க முடியாமை ஆகியவை தோன்றினால் கை வைத்தியம் பார்த்துக்கொண்டு வீட்டில் இருக்கக் கூடாது. உடனே மருத்துவமனைக்குப் போய், சாப்பிட்டது இன்னதென்று சொல்ல வேண்டும். மாற்று மருந்து இருக்கிறது. எவ்வளவு சீக்கிரம் கிடைக்கிறதோ அவ்வளவு நன்மை.

இவ்வளவு சொன்னதும், "அப்படியானால் இந்தப் பண்டமே வேண்டாம்" என்று யாரும் கரண்டியைக் கீழே வைத்துவிட வேண்டியதில்லை. வழி சுலபம். கொஞ்சமாகச் செய்ய வேண்டும். வினிகரை அளந்து ஊற்ற வேண்டும். குளிர்சாதனப் பெட்டியில் வைக்க வேண்டும். அலமாரியில் ஒரு வருஷம் வைக்கும் ஆசை உள்ளவர்கள், பல்கலைக்கழக விரிவாக்கத் துறையினர் சோதித்து வெளியிட்ட செய்முறை ஒன்றை எடுத்து, அதில் சொன்ன அளவையும் நிமிஷத்தையும் ஒரு எழுத்துக்கூட மாற்றாமல் செய்ய வேண்டும். கீழே தரப்படும் முறை குளிர்சாதனப் பெட்டிக்கு மட்டுமே உரியது.

இனி மிளகாயைத் தேர்ந்தெடுக்கும் விஷயம். ஹலபீனோ என்ற பெயர் மெக்சிகோ நாட்டு வெராகுரூஸ் மாநிலத்தின் தலைநகரான ஹலாபாவிலிருந்து வந்தது. மிளகாய் இனமே அந்தப் பக்கத்துச் சொத்து. கொலம்பஸ் 1492-ல் கடல் தாண்டிய பிறகு, போர்த்துக்கீசியர் வழியாக நம் நாட்டுக்கு வந்து சேர்ந்தது. அதற்கு முன் நம் சமையலுக்குக் காரம் தந்தது மிளகு. புதிதாய் வந்த காய்க்கு மிளகு போன்ற காய் என்று பெயர் வைத்துவிட்டார்கள். இப்போது டெக்சாஸ் வந்து குடியேறியவர்கள் மிளகாயை அதன் சொந்த ஊர்ப் பக்கத்திலேயே பயிரிடுகிறார்கள் என்று சொல்லலாம். 1995-ல் இம்மாநிலம் ஹலபீனோவைத் தன் மாநில மிளகாயாகவே அறிவித்துவிட்டது.

காரத்தை அளக்கும் முறையை 1912-ல் வகுத்த வில்பர் ஸ்கோவில் என்ற அமெரிக்க மருந்தியல் நிபுணர், மிளகாய்ச் சாரத்தைச் சர்க்கரைத் தண்ணீரில் கரைத்துக் கரைத்து, நாக்கில் காரம் தெரியாமல் போகும்வரை எத்தனை மடங்கு கரைக்க வேண்டியிருக்கிறது என்று கணக்கெடுத்தார். அந்தக் கணக்கில் ஹலபீனோ சுமார் 2,500 முதல் 8,000 வரை. இந்தியக் கடைகளில் கிடைக்கும் மெல்லிய தாய்லாந்துப் பச்சை மிளகாய் 50,000-க்கும் மேலே போகும். ஆகவே ஹலபீனோவுக்குப் பதில் அந்தக் குச்சி மிளகாயைப் போட்டால் மிட்டாய் என்ற பெயருக்கு அர்த்தம் இருக்காது. சதைப்பற்றும் அதில் கிடையாது. பாகில் வெறும் தோலும் விதையும்தான் மிதக்கும். ஹலபீனோவின் சதை தடிப்பானது. அந்தத் தடிப்பே பாகை உறிஞ்சிக்கொண்டு, கடிக்கும்போது இனிப்பும் காரமுமாய் வெளியே விடுகிறது.

காய் அழுத்தமாய், பளபளப்பாய், சுருக்கமில்லாமல் இருக்க வேண்டும். தோலில் மெல்லிய பழுப்புக் கோடுகள் ஓடியிருந்தால் சொத்தை என்று ஒதுக்க வேண்டாம். வேகமாய்ப் பருத்த காயின் தோலில் விழும் தழும்பு அது; மெக்சிகோ மக்கள் அந்தக் கோடு விழுந்த காயைத் தேடி வாங்குவார்கள். அழுகலோ குழைவோ உள்ள காயை மட்டும் தள்ளிவிடலாம். பச்சையோடு இரண்டு மூன்று சிவப்புப் பழம் கலந்தால் ஜாடி பார்க்க அழகாயிருக்கும்.

வேண்டிய சாமான்கள் அதிகமில்லை. ஹலபீனோ ஒரு பவுண்டு, அதாவது சுமார் 450 கிராம். ஆப்பிள் வினிகர் ஒரு கிண்ணம், அமெரிக்க அளவில் 240 மில்லி. சர்க்கரை இரண்டு கிண்ணம். மஞ்சள் பொடி கால் தேக்கரண்டி, கடுகு அரைத் தேக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி. அமெரிக்கர்கள் செலரி விதையும் உலர்ந்த பூண்டுத் தூளும் சேர்ப்பார்கள். செலரி விதைக்குப் பதில் ஒரு சிட்டிகை ஓமம் போட்டால் நம் நாக்குக்கு இணக்கமாக இருக்கும்; ஒரு சிட்டிகைக்கு மேல் போனால் கஷாய வாசனை வந்துவிடும். உலர்ந்த வாசனைச் சாமான்களைக் கூட்டுவதாலோ குறைப்பதாலோ பாதகமில்லை. பூண்டு சேர்க்காத வீட்டார் அதை விட்டுவிடலாம். ருசியில் பெரிய குறை தெரியாது.

வினிகர் வாங்கும்போது கண்ணாடியைப் போட்டுக்கொண்டு சீட்டைப் படிக்க வேண்டும். புளிப்பு 5 சதவீதம் என்று அச்சிட்டிருக்க வேண்டும். அண்மை ஆண்டுகளில் வெள்ளை வினிகர் 4 சதவீதத்தில் வந்து, அதே மாதிரிப் புட்டியில், அதே அலமாரியில் நிற்கிறது. சாலட்டுக்கு அது போதும்; இதற்குப் போதாது. வினிகர் வாசனை அறவே ஆகாதென்பவர்கள், கடையில் புட்டியில் விற்கும் எலுமிச்சைச் சாற்றை அதே அளவு உபயோகிக்கலாம். வீட்டில் பிழியும் பழத்தின் புளிப்பு பழத்துக்குப் பழம் மாறுமாதலால் அதை நம்ப வேண்டாம். புளிக் கரைசலும் அப்படியே. அன்றே செய்து இரண்டொரு நாளில் தீர்க்கும் புளி மிளகாய்க்கு அது அமிர்தம், இந்த ஜாடிக்கு அல்ல.

சர்க்கரையைப் பற்றியும் ஒரு வார்த்தை. இந்நாட்டில் கரும்புச் சர்க்கரையை வெளுக்கச் சில ஆலைகளில் எலும்புக் கரியால் வடிகட்டுவதுண்டு. அதைத் தவிர்க்க விரும்பும் சைவ அன்பர்கள் பீட் கிழங்குச் சர்க்கரை என்று சீட்டில் போட்டிருப்பதை வாங்கிக்கொள்ளலாம்; அதற்கு எலும்புக் கரி தேவைப்படுவதில்லை. பாகில் இரண்டுக்கும் வித்தியாசம் தெரியாது.

மிளகாயை நறுக்குமுன் கையில் ரப்பர் உறை போட்டுக்கொள்ள வேண்டும். ஊரில் வெறுங்கையால் கூடை கூடையாய் நறுக்கியவர்கள் சிரிப்பார்கள். ஒரு பவுண்டு காயை வட்டமாய் நறுக்கிவிட்டு, ராத்திரி கண்ணில் போட்ட லென்ஸைக் கழற்றப் போகும்போது அந்தச் சிரிப்பு நின்றுவிடும். காரம் தண்ணீரில் கரைவதில்லை. ஆகவே வெறும் தண்ணீரில் எத்தனை தரம் கழுவினாலும் போகாது. கையில் எரிச்சல் கண்டால் கொஞ்சம் எண்ணெய் தேய்த்து, பிறகு பாத்திரம் கழுவும் சோப்பால் கழுவினால் தணியும். வாயில் எரிந்தால் தண்ணீர் வீண். பாலோ தயிரோதான் மருந்து. நம் தயிர் சாதத்தின் மகிமை இங்கும் தெரிகிறது.

காயைக் கழுவித் துடைத்து, காம்பை நீக்கி, கால் அங்குலத் தடிமனில் வட்டமாக நறுக்க வேண்டும். மெல்லியதாய் நறுக்கினால் பாகில் சுருண்டு காணாமல் போய்விடும். முழு மிளகாயாகப் போடக் கூடாது. உள்ளே காற்று நிற்கும் கூட்டுக்குள் வினிகர் சரியாய்ப் புகாது. காரம் குறைய வேண்டுமானால் விதையை மட்டும் தட்டி எடுப்பதில் பயனில்லை. காரம் இருப்பது விதையைத் தாங்கும் வெள்ளை நரம்பில். விதை அதைத் தொட்டுக்கொண்டிருப்பதால் அதற்கும் காரம் ஒட்டியிருக்கிறது, அவ்வளவே. சிறு கரண்டிக் காம்பால் அந்த நரம்பைச் சுரண்டி எடுத்தால் குழந்தைகளும் சாப்பிடும்படி ஆகிவிடும்.

பாத்திரம் எவர்சில்வராக இருக்கட்டும். அலுமினியம், ஈயம் பூசாத பித்தளை, இரும்பு இவற்றில் வினிகரைக் கொதிக்க வைக்கலாகாது. வினிகர், சர்க்கரை, மஞ்சள், கடுகு, உப்பு, ஓமம் எல்லாவற்றையும் போட்டுக் கொதிக்க விட்டு, கொதி வந்ததும் தணலைக் குறைத்து ஐந்து நிமிஷம் வைக்க வேண்டும். இப்போது எழும் ஆவி மூக்கைத் துளைக்கும். மிளகாய் விழுந்த பிறகு தொண்டையையும் பிடிக்கும். மின்விசிறியைப் போட்டு, சன்னலைத் திறந்து, குழந்தைகளையும் இருமல்காரப் பெரியவர்களையும் வேறு அறைக்கு அனுப்பிவிட வேண்டும். கொதிக்கும் பாகின் மேல் குனிந்து மணம் பார்ப்பது வேண்டாத வேலை.

நறுக்கிய மிளகாயைப் போட்டு, மறுபடி கொதி வந்ததிலிருந்து நான்கு நிமிஷம். கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே நிற்பது நல்லது. பச்சை நிறம் மங்கி ஆலிவ் நிறத்துக்கு வரும். அதற்கு மேல் விட்டால் பாகு காயின் நீரையெல்லாம் இழுத்துக்கொண்டு, வட்டங்கள் சுருங்கித் தோல் மாதிரி ஆகிவிடும். எவ்வளவு ஊறினாலும் பிறகு இளகாது. ஆகவே துளைக் கரண்டியால் காயை அரித்து, கொதிநீரில் கழுவிச் சூடாக வைத்திருக்கும் ஜாடிகளில் போட்டுவிட வேண்டும். எட்டு அவுன்ஸ் ஜாடி இரண்டு அல்லது மூன்று நிறையும்.

மீந்த பாகை மட்டும் இன்னும் ஐந்தாறு நிமிஷம் நன்றாகக் கொதிக்க விட வேண்டும். இந்த இடத்தில் மைசூர் பாகு கிளறிய கைக்கு ஓர் எச்சரிக்கை: கம்பிப் பதம் பார்க்கப் போகக் கூடாது. குலாப் ஜாமூனுக்கு வைப்பது போல விரலில் பிசுக்கென்று ஒட்டினால் போதும். கம்பிப் பதம் வந்துவிட்டால் குளிர்சாதனப் பெட்டியில் கற்கண்டாகி, கரண்டி இறங்காது. பாகைச் சூடாகவே காயின் மேல் ஊற்றி, ஒரு குச்சியால் ஓரமாய்க் கிளறிக் காற்றுக் குமிழியை வெளியேற்றி, காய் முழுவதும் பாகில் மூழ்கும்படி செய்ய வேண்டும். சில்லென்றிருக்கும் ஜாடியில் கொதிக்கும் பாகை ஊற்றினால் கண்ணாடி விரிசல் விடும் என்பதை நினைவில் வைக்க வேண்டும். சர்க்கரைப் பாகு மேலே பட்டால் எண்ணெய் பட்டது போலச் சுடும். பக்கத்தில் குழந்தை நிற்கக் கூடாது என்று முன்பே சொன்னதற்கு இது இரண்டாவது காரணம்.

ஆறியதும் மூடிக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து, ஒரு வாரம் கையை வைக்காமல் இருக்க வேண்டும். இதுதான் செய்முறையிலேயே கடினமான பகுதி. முதல் நாள் காரம் தனி, இனிப்புத் தனி, வினிகர் தனி என்று நிற்கும்; வாரம் கழித்துத்தான் மூன்றும் கைகோத்துக்கொள்ளும். பெட்டியின் குளிர் 40 டிகிரி பாரன்ஹீட்டுக்கு மேல் போகாமல், உலர்ந்த கரண்டியாலேயே எடுத்து, ஓரிரு மாதத்துக்குள் தீர்த்துவிட வேண்டும். ஒரு பவுண்டு அளவு சொன்னதன் காரணம் இதுவே. செடியில் பத்துப் பவுண்டு காய்த்திருக்கிறதே என்று கேட்பவர்கள், மீதியை நறுக்கி உறைபெட்டியில் போட்டுவைத்துச் சமையலுக்கு எடுத்துக்கொள்ளலாம். மோர் மிளகாய் இருக்கவே இருக்கிறது.

மூடி இறுகி, நடுவில் குழிந்து 'டக்' என்று சப்தம் கேட்டது, ஆகவே அலமாரியில் வைக்கலாம் என்று சிலர் நினைப்பார்கள். சூடாய் ஊற்றிய எந்த ஜாடியும் ஆறும்போது அப்படித்தான் சப்தமிடும். காற்று உள்ளே போகவில்லை என்பதற்கு அது சாட்சி. உள்ளே இருப்பது பத்திரமானது என்பதற்குச் சாட்சியல்ல.

பிறருக்குக் கொடுப்பவர்கள் ஜாடியின் மேல் ஒரு சீட்டு ஒட்டிச் செய்த தேதியையும், 'குளிர்சாதனப் பெட்டியில் வைக்கவும்' என்பதையும் எழுதிக் கொடுப்பது உத்தமம். தபாலில் அனுப்ப வேண்டாம். வெளியூரில் படிக்கும் பிள்ளைக்குக் கொடுத்தனுப்பினால் ஐஸ் வைத்த பையில் அனுப்ப வேண்டும். பிள்ளையின் விடுதி அறையில் குளிர்சாதனப் பெட்டி இல்லையென்றால் பருப்புப் பொடியே போதும். யாராவது அன்போடு இந்த ஜாடியைக் கொண்டுவந்து தந்தால், "மாமி, இது பெட்டியில் இருந்ததா, அலமாரியில் இருந்ததா?" என்று கேட்பதில் மரியாதைக் குறைவு ஏதுமில்லை. பதில் சரியாக வராவிட்டால் புன்னகையோடு வாங்கிக்கொண்டு, வீட்டுக்கு வந்து திறக்காமல் குப்பையில் போட்டுவிடலாம்.

நீரிழிவு உள்ளவர்கள் பாகை நன்றாய் வடித்துவிட்டு ஒன்றிரண்டு வட்டம் ருசி பார்ப்பதோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். வேண்டுமானால் அவர்களுக்கென்று சர்க்கரையைப் பாதியாக்கித் தனியே ஒரு ஜாடி செய்யலாம். பாகு நீர்த்திருக்கும், மிட்டாய்த்தன்மை குறைந்து ஊறுகாய்த்தன்மை கூடும். வினிகர் முழு அளவில் இருப்பதால் வேறு பயமில்லை.

அமெரிக்கர்கள் இதை உப்பு பிஸ்கட்டின் மேல் பாலாடைக்கட்டி தடவி அதன் மேல் வைத்துத் தின்கிறார்கள். நம் வீட்டில் அடைக்கு இதைப் போலத் துணை வேறில்லை. ரவை உப்புமாவுக்கும், மிளகாய்ப்பொடி தீர்ந்துபோன நாளில் தோசைக்கும் ஆகும். தயிர் சாதத்தின் நடுவில் குழி செய்து இரண்டு வட்டத்தை அரைக்கரண்டிப் பாகோடு வைத்தால், சாப்பிட அடம் பிடிக்கும் பிள்ளையும் தட்டைக் காலி செய்யும். காய் தீர்ந்த பிறகு ஜாடியில் நிற்கும் பாகைக் கொட்டிவிட வேண்டாம். பனீர்த் துண்டை அதில் ஊறவைத்து வறுக்கலாம். எலுமிச்சை சர்பத்தில் ஒரு தேக்கரண்டி விடலாம். ஆனால் அதே பாகில் மறுபடி புதுக் காயை நறுக்கிப் போட்டு ஊறவைக்கக் கூடாது. முதல் காய் விட்ட நீரால் அதன் புளிப்பு ஏற்கெனவே இறங்கியிருக்கும். புதுக் காய்க்குப் புதுப் பாகுதான் வைக்க வேண்டும்.